மேடை, திரை, சின்னத்திரை: பாலசந்தரை எங்கே வைப்பது?

கே. பாலசந்தரைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவற்றையெல்லாம் வரிசையாகப் படித்தால் ஒரு கேள்வி பல வடிவங்களில் திரும்பத் திரும்ப வருவதைக் காணலாம். அவர் சினிமா இயக்குநரா, அல்லது சினிமாவுக்கு வந்த நாடகாசிரியரா? கடைசிக் காலத்தில் தொலைக்காட்சிக்குப் போனது சரிவா, வளர்ச்சியா? நூறு படங்கள், அவற்றுக்கு முன்னால் மேடை நாடகங்கள், பின்னால் தொலைக்காட்சித் தொடர்கள் என்று நீளும் ஒரு வாழ்க்கையை எந்த அளவுகோலால் அளப்பது?

இவற்றுக்குச் சொல்லப்பட்ட விடைகள் ஒன்றோடொன்று முரண்படுகின்றன. ஒவ்வொன்றும் ஒரு காலத்தின் ரசனையையும் அக்கறையையும் சுமந்து வந்தது. ஒவ்வொன்றும் பாலசந்தரின் ஏதோவொரு பகுதியைத் துலக்கி, இன்னொரு பகுதியை மறைத்தது. அந்த விடைகள் எங்கிருந்து வந்தன, எவ்வளவு தூரம் தாங்குகின்றன என்று பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

## வாழ்க்கையின் வடிவம்

விவாதத்துக்குள் போகுமுன் சில விவரங்கள். 1930இல் நன்னிலம் அருகே நல்லமாங்குடியில் பிறந்தவர் பாலசந்தர். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்து, முத்துப்பேட்டையில் சிறிது காலம் ஆசிரியராக இருந்து, பிறகு சென்னை ஏ.ஜி. ஆபீசில் குமாஸ்தாவானார். அந்த வேலையில் இருந்துகொண்டே நாடகம் எழுதினார். ‘மேஜர் சந்திரகாந்த்’, ‘சர்வர் சுந்தரம்’, ‘நீர்க்குமிழி’, ‘மெழுகுவர்த்தி’, ‘எதிர்நீச்சல்’ ஆகியவை சபா மேடைகளில் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தன. ‘மேஜர் சந்திரகாந்த்’ நாடகத்தில் நடித்த சுந்தரராஜனுக்கு ‘மேஜர்’ என்பது பெயரோடே ஒட்டிக்கொண்டது.

1964இல் எம்.ஜி.ஆர். நடித்த ‘தெய்வத்தாய்’ படத்துக்கு வசனம் எழுதினார். அதே ஆண்டில் அவருடைய ‘சர்வர் சுந்தரம்’ கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் படமானது. 1965இல் ‘நீர்க்குமிழி’ வழியாக இயக்குநரானார். 2001இல் வந்த ‘பார்த்தாலே பரவசம்’ அவருடைய நூறாவது படமாக அறிவிக்கப்பட்டது. 2006இல் வந்த ‘பொய்’ கடைசிப் படம். இடையில் தெலுங்கு, கன்னடம், இந்தியிலும் படம் எடுத்தார். 1990களில் தொலைக்காட்சிக்குள் நுழைந்து, தூர்தர்ஷனுக்கும் பின்னர் தனியார் அலைவரிசைகளுக்கும் தொடர்கள் தந்தார். இறுதி ஆண்டுகளில் ‘பௌர்ணமி’ போன்ற நாடகங்களோடு மேடைக்கே திரும்பினார். 2010ஆம் ஆண்டுக்கான தாதா சாகேப் பால்கே விருது பெற்றார். 2014 டிசம்பரில் மறைந்தார்.

மேடையில் தொடங்கி, திரைக்கு வந்து, சின்னத்திரைக்குப் போய், மீண்டும் மேடையில் முடிந்த இந்தப் பயணத்தை ‘சினிமா இயக்குநர்’ என்ற ஒரே பட்டத்துக்குள் அடக்க முயன்றதில்தான் பல விவாதங்கள் தொடங்கின.

## ‘படம் பிடித்த நாடகம்’

மிகப் பழைய நிலைப்பாடு இதுதான்: பாலசந்தரின் படங்கள் கேமராவால் பதிவுசெய்யப்பட்ட நாடகங்கள். பாத்திரங்கள் பேசித் தீர்க்கின்றன. வீட்டின் கூடமே மேடையாகிறது. குறியீடுகள் பார்வையாளர் தவறவிட்டுவிடக் கூடாதே என்று அழுத்தி வைக்கப்படுகின்றன.

இந்த விமர்சனத்துக்கு வலுவான வரலாற்றுப் பின்னணி உண்டு. தமிழ் சினிமா கம்பெனி நாடகங்களின் மடியில் வளர்ந்தது, பாட்டும் வசனமும் அதை ஆண்டன, காட்சிமொழி பின்தங்கியது. சு. தியடோர் பாஸ்கரன் உள்ளிட்ட திரை வரலாற்றாளர்கள் இதை விரிவாக எழுதியிருக்கிறார்கள். திரைப்படச் சங்கங்கள் வழியாக உலகப் படங்களைப் பார்த்த தலைமுறைக்கு, சினிமா என்றால் முதலில் காட்சி என்ற எண்ணம் உறுதிப்பட்டது. அந்த நேரத்தில்தான் பாரதிராஜாவின் ‘16 வயதினிலே’ (1977), மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ (1978), ‘உதிரிப்பூக்கள்’ (1979) ஆகியவை வந்தன. கிராமத்து வெளியும் மௌனமும் திரையில் பேசத் தொடங்கியபோது, பாலசந்தரின் பேச்சு அதுவரை கேட்டதைவிடச் சத்தமாகக் கேட்டது.

குற்றச்சாட்டில் உண்மை இருக்கிறது. தொடக்க காலப் படங்கள் பலவற்றில் பாத்திரங்கள் வரிசையாக வந்து ஆளுக்கு ஒரு பஞ்ச் சொல்லிவிட்டுப் போவதை மறுக்க முடியாது. ஆனால் இந்த நிலைப்பாடு இரண்டு இடங்களில் தடுமாறுகிறது.

முதலாவது, அது கம்பெனி நாடகத்தையும் சபா நாடகத்தையும் ஒன்றாகவே பார்க்கிறது. கம்பெனி நாடகம் திரைச்சீலையும் தந்திரக் காட்சிகளும் விடிய விடியப் பாட்டுமாக நடந்தது. சபா நாடகமோ, பகலில் ஆபீசில் வேலை பார்த்தவர்கள் மாலையில் நடித்தது. செட்டு குறைவு, நேரம் குறைவு. ஒரு வரவேற்பறை, ஒரு ஆஸ்பத்திரி வார்டு, ஒரு மாடிப்படி போதும். எல்லாமே நடிப்பிலும் பேச்சிலும் நேரக் கணக்கிலும் நிற்க வேண்டும். பாலசந்தர் திரைக்குக் கொண்டுவந்தது இந்த இரண்டாவது மரபை. ‘எதிர்நீச்சல்’ (1968) படத்தில் பல குடித்தனங்கள் இருக்கும் வீட்டில், மாடிப்படிக்கு அடியில் ஒண்டிக்கொண்டிருக்கும் மாது என்ற அநாதை எல்லோருக்கும் எடுபிடி. மேலே ஏறுகிறவர்களும் கீழே இறங்குகிறவர்களும் அவன் தலைக்கு மேல்தான் நடக்கிறார்கள். மேடைச் சிக்கனம் இங்கே சமூக அடுக்கையே காட்டும் இடமாக மாறிவிடுகிறது.

இரண்டாவது தடுமாற்றம் கோட்பாடு சார்ந்தது. 1951இலேயே பிரெஞ்சு விமர்சகர் ஆந்த்ரே பாசன், நாடகத்தைத் திரைக்குக் கொண்டுவரும்போது நாடகத்தன்மையை மறைக்காமல் ஏற்றுக்கொள்ளும் படமே நல்ல சினிமாவாகும் என்று வாதிட்டார். அந்த வாதத்தின் வெளிச்சத்தில் ‘வறுமையின் நிறம் சிவப்பு’ (1980) படத்தின் புகழ்பெற்ற காட்சியைப் பார்க்கலாம். டெல்லியில் வேலையில்லாமல் பட்டினி கிடக்கும் நண்பர்களின் வீட்டுக்குத் தேவி என்ற பெண் வந்திருக்கிறாள். மானம் போகக் கூடாது என்று அவர்கள் உள்ளே சாப்பிடுவதாக நடிக்கிறார்கள். வெறும் பாத்திரங்களின் ஓசை, பரிமாறும் பேச்சு, ருசித்துச் சாப்பிடும் சத்தம். அவளுக்குக் கேட்பது ஒலி மட்டும். நமக்குத் தெரிவது காலித் தட்டு. பிறகு அவள் கண்டுகொள்கிறாள்.

இந்தக் காட்சியின் உத்தி முழுக்க மேடையினுடையது. ஒரு தடுப்பு, அதற்கு அந்தப்புறம் ஒலி, நடிப்புக்குள் நடிப்பு. ஆனால் அது தரும் வலி சினிமாவினுடையது. காலித் தட்டையும் வெறும் வாயையும் இவ்வளவு அருகில் எந்தச் சபா மேடையும் காட்ட முடியாது. ‘நாடகத்தனம்’ என்ற ஒற்றைச் சொல்லால் இதைத் தள்ளிவிட்டால், இங்கே எது வேலை செய்கிறது என்பதையே பார்க்காமல் போய்விடுவோம். ‘அவர்கள்’ (1977) படத்தில் வாய்விட்டுச் சொல்ல முடியாததை ஜனார்த்தனன் தன் கையிலிருக்கும் பொம்மையின் வாயால் சொல்வதும் இதே வகைதான். வசனத்தை நம்பும் இயக்குநர், வசனம் தோற்கும் இடத்தை ஒரு மேடைப் பொருளால் காட்டுகிறார்.

## நடுத்தரக் குடும்பத்தின் படைப்பாளி

இதற்கு எதிர்முனையில் நிற்பது, பாலசந்தரைத் தனி முத்திரை கொண்ட படைப்பாளியாகக் கொண்டாடும் நிலைப்பாடு. 1950களில் பிரெஞ்சுப் பத்திரிகைகளில் உருவான படைப்பாளிக் கோட்பாட்டின் தமிழ் வடிவம் இது. யார் நடித்தாலும் அது ‘பாலசந்தர் படம்’ என்று சுவரொட்டியில் அச்சாகும் நிலை அவருக்கு முன் ஸ்ரீதர் போன்ற மிகச் சிலருக்கே வாய்த்தது. நட்சத்திரத்தின் பெயரால் மட்டுமே படம் விற்ற தொழிலில் இது சாதாரணச் சாதனை அன்று.

இந்த நிலைப்பாட்டின்படி அவருடைய உலகம் நகரத்து நடுத்தரக் குடும்பம். முதல் தேதிச் சம்பளம், கல்யாணத்துக்குக் காத்திருக்கும் தங்கை, பொறுப்பில்லாத அண்ணன், பக்கத்து வீட்டின் நாக்கு. ‘பாமா விஜயம்’ (1967) படத்தில் ஒரு நடிகை அக்கம்பக்கத்தில் குடிவந்ததும் மூன்று மருமகள்கள் வரவுக்கு மேல் செலவு செய்யத் தொடங்குகிறார்கள். ‘இரு கோடுகள்’ (1969) படத்தில் குமாஸ்தாவின் முன்னாள் மனைவி அவன் ஆபீசுக்கே கலெக்டராக வருகிறாள். தானே ஏ.ஜி. ஆபீசில் கோப்பு பார்த்தவர் என்பதால், அதிகாரம் மேசைகளுக்கு இடையில் எப்படி நகரும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது.

இந்த வாசிப்பின் பலவீனம் அதன் தேர்வில் இருக்கிறது. முத்திரைக்குப் பொருந்தும் இருபது படங்களை எடுத்துக்கொண்டு மீதியை ஒதுக்கிவிடுகிறது. கோமல் சுவாமிநாதனின் நாடகத்திலிருந்து எடுத்த ‘தண்ணீர் தண்ணீர்’ (1981) நடுத்தரக் குடும்பக் கதை அன்று. அத்திப்பட்டி என்ற வறண்ட கிராமம் தண்ணீர் கேட்டு அரசிடம் மன்றாடி, கடைசியில் தானே கால்வாய் வெட்டப் போய் நசுக்கப்படும் கதை. அதன் திரைக்கதைக்கு அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. ‘அச்சமில்லை அச்சமில்லை’ (1984) தேர்தல் அரசியல் ஒரு கிராமத்து மனிதனை எப்படி அரித்துத் தின்கிறது என்பதைச் சொன்னது. இவ்விரண்டும் அவருடைய மிகச் சிறந்த படங்களின் பட்டியலில் இடம்பெறுபவை. இரண்டும் அவருடைய ‘உலகத்துக்கு’ வெளியே நிற்பவை.

எழுத்து யாருடையது என்ற சிக்கலும் இருக்கிறது. ‘நான் அவனில்லை’ (1974) மராத்தியில் ஆச்சார்ய ஆத்ரே எழுதிய நாடகத்தின் தழுவல். ‘நிழல் நிஜமாகிறது’ (1978) மலையாளப் படமான ‘அடிமைக’ளின் மறுவடிவம். ‘தில்லு முல்லு’ (1981) இந்தி ‘கோல்மா’லின் தழுவல். ‘47 நாட்கள்’ சிவசங்கரியின் நாவல். ‘அவள் ஒரு தொடர்கதை’யை ரித்விக் கட்டக்கின் ‘மேக டாக்க தாரா’வோடு ஒப்பிட்டுப் பார்ப்பது விமர்சகர்களிடையே வழக்கமாகிவிட்டது. உடனிருந்து பணியாற்றிய அனந்துவின் பங்கும் எளிதாகப் பிரித்தெடுக்கக் கூடியது அன்று. தனி ஒருவரின் கற்பனை என்று சொல்லும்போது இத்தனை கைகளும் கண்ணிலிருந்து மறைந்துவிடுகின்றன.

## பெண்கள்: மீறலா, தியாகமா?

மிகச் சூடான விவாதம் இங்கேதான். ரசிகர்களின் பொதுக் கருத்து, தமிழ் சினிமாவில் பெண்ணைக் கதையின் மையத்தில் நிறுத்தியவர் பாலசந்தர் என்பது. பெண்ணிய நோக்கிலிருந்து எழுதியவர்கள் அதைக் கேள்விக்கு உட்படுத்தினார்கள். அவருடைய நாயகிகள் எல்லையைத் தாண்டுகிறார்கள். ஆனால் கதை அவர்களைத் தண்டிக்கிறது அல்லது தியாகியாக்கி எல்லைக்குள் திருப்பி அனுப்புகிறது என்பது அவர்களின் வாதம்.

இரு தரப்புக்கும் சான்றுகள் உண்டு. ‘அரங்கேற்றம்’ (1973) படத்தின் லலிதா ஆசாரமான, பிள்ளைகள் நிறைந்த வீட்டின் மூத்த பெண். குடும்பத்தைக் காப்பாற்றப் பட்டணம் போய்ப் பாலியல் தொழிலுக்குத் தள்ளப்படுகிறாள். அவள் அனுப்பும் பணத்தில் படித்து, கல்யாணம் செய்து, முன்னேறிய குடும்பமே உண்மை தெரிந்ததும் அவளை உதறுகிறது. குடும்பத்தின் போலித்தனத்தை இவ்வளவு நேராகத் தாக்கிய வணிகப் படம் அதற்கு முன் அரிது. ஆனால் படம் முடியும்போது மனம் பேதலித்து நிற்பதும் லலிதாதான். ‘அவள் ஒரு தொடர்கதை’யின் கவிதா தன் கல்யாணத்தை விட்டுக்கொடுத்து மறுபடியும் வேலைக்குக் கிளம்புகிறாள். ‘சிந்து பைரவி’யின் (1985) சிந்து தன் குழந்தையைப் பைரவியிடம் கொடுத்துவிட்டுப் போகிறாள். பதினோரு ஆண்டு கழித்து ‘கல்கி’யிலும் ஒரு பெண் இன்னொருத்திக்காகப் பிள்ளை பெற்றுத் தருகிறாள். மீறலுக்கு விலையாகக் குழந்தையை ஒப்படைக்கும் இந்த அமைப்பு மறுபடி மறுபடி வருவதைத் தற்செயல் என்று தள்ளிவிட முடியாது.

ஆனால் ‘அவர்கள்’ இந்த வாதத்துக்கு முழுமையாக அடங்குவதில்லை. கொடுமைக்காரக் கணவன், பழைய காதலன், உடன் வேலை செய்யும் அன்பான நண்பன் என்று மூவர் நாயகி அனுவைச் சுற்றி நிற்கிறார்கள். வழக்கமான கதை அவளை இவர்களில் ஒருவரிடம் ஒப்படைத்திருக்கும். அனு யாரையும் தேர்ந்தெடுக்காமல் ரயிலேறிப் போகிறாள். உடன் வருபவர், ஆயாவாக அவள் வீட்டுக்குள் நுழைந்த மாமியார். கணவனை உதறிய மருமகளும் மகனை உதறிய தாயும் சேர்ந்து வாழப்போகும் முடிவு, 1977இல் மட்டுமல்ல, இன்றைக்கும் தமிழ்த் திரையில் அபூர்வம். ‘அச்சமில்லை அச்சமில்லை’யில் தேன்மொழி ஊரறியத் தன் கணவனையே கொல்கிறாள், அது தியாகமும் அன்று, பணிவும் அன்று.

இந்த விவாதத்தின் இரு தரப்புக்கும் பொதுவான ஒரு குறை, முடிவுக் காட்சியைக் கொண்டே முழுப்படத்தையும் தீர்ப்பிடுவது. இரண்டரை மணி நேரம் ஒரு பெண் சம்பாதிக்கிறாள், கோபப்படுகிறாள், அண்ணனை அதட்டுகிறாள், பஸ்ஸுக்கு நிற்கிறாள். அதைக் கண்டு திரையரங்கிலிருந்த வேலைக்குப் போகும் பெண்கள் என்ன எடுத்துக்கொண்டார்கள் என்பது கடைசி ஐந்து நிமிடத்தால் மட்டும் தீர்மானமாவதில்லை. அதே நேரம், அந்தக் கடைசி ஐந்து நிமிடம் ஒரு பொருட்டே அல்ல என்று சொல்லும் ரசிகர் வாதமும் நேர்மையாகாது. அந்த முடிவுகளைத் தேர்ந்தவரும் இயக்குநர்தான்.

## ஆசான்

நான்காவது நிலைப்பாடு சர்ச்சையிலிருந்து ஒதுங்கி, அவரைக் குருவாகவே பார்க்கிறது. ‘இயக்குநர் சிகரம்’ என்ற பட்டத்தோடு சேர்த்தே இந்தப் படிமமும் வளர்ந்தது. ‘அபூர்வ ராகங்கள்’ (1975) படத்தில் இரும்புக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்த ரஜினிகாந்த், ‘மரோ சரித்ரா’வின் (1978) சரிதா, ‘பட்டினப்பிரவேச’த்தின் டெல்லி கணேஷ், ‘கல்யாண அகதிக’ளின் நாசர், ‘மனதில் உறுதி வேண்டு’மின் விவேக், ‘டூய’ட்டின் பிரகாஷ்ராஜ் என்று பட்டியல் நீள்கிறது. வசந்த், சுரேஷ் கிருஷ்ணா, சரண் முதலிய இயக்குநர்கள் அவரிடம் பயின்றவர்கள். அவருடைய கவிதாலயா நிறுவனம் தயாரித்த ‘ரோஜா’ (1992) வழியாக ஏ.ஆர். ரஹ்மான் திரையிசைக்கு வந்தார்.

பட்டியல் மறுக்க முடியாதது. ஆனால் அறிமுகம் செய்தல் வேறு, உருவாக்குதல் வேறு. கமல்ஹாசன் 1960இலேயே ‘களத்தூர் கண்ணம்மா’வில் குழந்தை நட்சத்திரமாக வந்துவிட்டார். ரஜினியின் நட்சத்திர வடிவத்தைச் செதுக்கியதில் எஸ்.பி. முத்துராமன் போன்றவர்களுக்குப் பெரும் பங்கு உண்டு. ‘ரோஜா’ மணிரத்னத்தின் படம். இவற்றையெல்லாம் ஒருவர் கணக்கில் எழுதுவது மற்றவர்களின் உழைப்புக்கு நியாயம் செய்யாது.

இதைவிடப் பெரிய சிக்கல், இந்த நிலைப்பாடு படங்களைப் பற்றிப் பேசுவதையே தவிர்க்க வைக்கிறது என்பது. மாணவர்களின் புகழால் ஆசிரியரை அளக்கத் தொடங்கியதும் அவருடைய சொந்தப் படைப்புகள் முன்னுரையாகச் சுருங்கிவிடுகின்றன. பயனுள்ள கேள்வி வேறு. புதுமுகங்களைத் தேடித் தேடி எடுத்ததற்கு அவருடைய முறையில் என்ன தேவை இருந்தது? சபாவில் நடிகரை வாரக்கணக்கில் ஒத்திகை பார்த்துப் பழகியவருக்கு, தானே அசைவையும் குரலையும் சொல்லித்தரக்கூடிய, பழக்கப்பட்ட பாணி ஒட்டியிராத முகம் வேண்டியிருந்தது என்பதே பொருத்தமான விளக்கமாகத் தோன்றுகிறது. அப்படியானால் குரு என்ற படிமமும் மேடையிலிருந்தே வருகிறது.

## மொழி தாண்டிய தொழில்

பிற மொழிகளில் அவர் செய்த வேலையைத் தமிழ் விமர்சனம் பெரும்பாலும் அடிக்குறிப்பாகவே வைத்திருக்கிறது. ஆனால் ‘மரோ சரித்ரா’ தெலுங்குப் படமாகவே சென்னையில் ஓராண்டுக்கு மேல் ஓடியது. அதன் இந்தி வடிவமான ‘ஏக் தூஜே கே லியே’ (1981) நாடெங்கும் பேசப்பட்டது. கன்னடத்தில் ‘பெங்கியல்லி அரளித ஹூவு’ (1983), ‘எரடு ரேகெகளு’ (1984) ஆகியவை வந்தன. முன்னது ‘அவள் ஒரு தொடர்கதை’, பின்னது ‘இரு கோடுகள்’.

இவற்றை வெறும் மறு ஆக்கம், வியாபாரம் என்று ஒதுக்குவது வழக்கம். வியாபாரம் இல்லாமல் இல்லை. ஆனால் ஒரே கதையை ஒரே இயக்குநர் வேறு வேறு மொழிகளில் எடுக்கும்போது, எது மாறியது, எது மாறாமல் நின்றது என்பது அவர் மனதில் கதையின் உயிர் எங்கே இருந்தது என்பதைக் காட்டிக்கொடுக்கும். தமிழனும் தெலுங்குப் பெண்ணும் என்று தொடங்கிய காதல், இந்தியில் கோவாவில் தென்னிந்திய இளைஞனும் வட இந்தியப் பெண்ணும் என்று விரிந்தபோது, மொழிச் சண்டை நாட்டின் வடக்கு-தெற்குப் பிளவாகப் பெரிதானது. ‘ருத்ரவீணா’ (1988) அதே ஆண்டு தமிழில் ‘உன்னால் முடியும் தம்பி’யாக வந்தது. இத்தகைய இணைகளை அருகருகே வைத்துச் செய்யும் விரிவான ஒப்பீடு தமிழில் இன்னும் போதிய அளவு நடக்கவில்லை.

## சின்னத்திரை: சரிவா, தொடர்ச்சியா?

1990களில் ‘ரயில் சிநேகம்’, ‘கையளவு மனசு’, ‘ரகுவம்சம்’, ‘காதல் பகடை’, பின்னர் ‘அண்ணி’, ‘சஹானா’ என்று தொடர்கள் வந்தன. அவருடைய மின்பிம்பங்கள் நிறுவனம் நாகாவின் இயக்கத்தில் ‘மர்மதேசம்’ போன்ற தொடர்களைத் தயாரித்தது. இந்தக் காலத்தைப் பற்றி இரண்டு கருத்துகள் நிலவுகின்றன.

முதல் கருத்து, சினிமாவில் வாய்ப்பு குறைந்ததும் தொலைக்காட்சிக்குப் போனார்; கடைசிப் படங்கள் தோற்றதே அதற்குச் சான்று என்பது. இது பொழுதுபோக்கு ஊடகங்களை ஏணிப்படியாக அடுக்கும் பழைய பழக்கத்திலிருந்து வருகிறது. உலகெங்கும் அந்த அடுக்கு எப்போதோ குலைந்துவிட்டது. சிட்னி லூமெட் தொலைக்காட்சி நாடகங்களில் பயின்றே 1957இல் ‘12 ஆங்ரி மென்’ படத்துக்கு வந்தார். இங்மார் பெர்க்மன் வாழ்நாள் முழுக்க மேடையை விடவில்லை. 1973இல் ஒரு திருமணத்தின் முறிவைத் தொலைக்காட்சித் தொடராகவே எடுத்தார். அவர்களிடம் பன்முகம் என்று பாராட்டப்படுவது இங்கே மட்டும் ஏன் இறக்கமாகத் தெரிய வேண்டும்?

இரண்டாவது கருத்து, அவருடைய கலைக்கு உண்மையான வீடு தொலைக்காட்சிதான் என்பது. இதற்கு ஒரு வலுவான காரணம் உண்டு. பாலசந்தரின் திரைக்கதைகள் பலவும் வாரப் பத்திரிகைத் தொடர்கதையின் நடையில் அமைந்தவை. ஒரு குடும்பம், பல கிளைக் கதைகள், ஒவ்வொரு திருப்பத்திலும் ஒரு கொக்கி. குமுதம், விகடன் தொடர்களை வாராவாரம் எதிர்பார்த்த வாசகர்களே அவருடைய சபாவுக்கும் திரையரங்குக்கும் வந்தவர்கள். பிறகு அவர்களே மாலையில் தொலைக்காட்சி முன் உட்கார்ந்தார்கள். ‘கையளவு மனசு’ தொடரில் சாவை எதிர்நோக்கும் தாய் தன் பிள்ளைகளுக்கு ஒவ்வொரு வீடாகத் தேடுகிறாள். ஒவ்வொரு பிள்ளையும் ஒரு வீட்டுக்குள் நுழையும்போது ஒரு புதுக் குடும்பத்தின் கதை திறக்கிறது. இரண்டரை மணிப் படத்தில் இது நெரிசலாகியிருக்கும். தொடரில் அதற்கு மூச்சுவிட இடம் கிடைத்தது.

‘சஹானா’ இன்னும் முக்கியமான சான்று. ‘சிந்து பைரவி’யின் கதை பல ஆண்டுகளுக்குப் பிறகு அதில் தொடர்கிறது. படத்தில் சிந்து குழந்தையை ஒப்படைத்துவிட்டுப் போனது தியாகமாக முடிந்திருந்தது. தொடர் அந்தக் குழந்தையை வளர்ந்த பெண்ணாகக் கொண்டுவந்து, அந்தத் தியாகத்துக்கு விளக்கம் கேட்கும் நிலையை உண்டாக்குகிறது. பெண்ணியர் எழுப்பிய கேள்விக்கு ஓரளவு விடையைப் படைப்பாளியே தேடினார் என்று இதை வாசிக்க முடியும்.

இந்த இரண்டாவது கருத்துக்கும் பலவீனம் உண்டு. தொடர் என்ற வடிவம் அவருக்குப் பொருந்தியதால் அதில் எல்லாமே சிறந்தது என்றாகாது. வாரத் தொடர் தினசரித் தொடராக மாறியதும், விளம்பர நேரமும் பார்வையாளர் எண்ணிக்கையும் கதையை இழுக்கத் தொடங்கின. கொக்கி கதைக்குப் பயன்பட்ட காலம் போய், கதை கொக்கிக்குப் பயன்படும் காலம் வந்தது. அந்த அழுத்தத்திலிருந்து அவருடைய நிறுவனத்தின் தொடர்களும் முழுமையாகத் தப்பவில்லை.

## ஒன்றாக வைத்துப் பார்த்தால்

மேற்கண்ட நிலைப்பாடுகளுக்கு ஒரு பொதுக் குறை இருப்பதாகத் தோன்றுகிறது. எல்லாமே தனித்தனிப் படத்தை அலகாகக் கொண்டு அளக்கின்றன. இந்தப் படம் நாடகமா, இந்தப் படம் முற்போக்கா, இந்தப் படம் சொந்தமா என்று கேட்கின்றன. பாலசந்தரின் வேலை முறையோ வேறு மாதிரியானது. அவர் ஒரு சிக்கலை எடுத்துக்கொண்டு, அதைப் பல வடிவங்களில், பல மொழிகளில், பல ஆண்டுகளில் திரும்பத் திரும்பக் கையாண்டார். ‘எதிர்நீச்சல்’ நாடகமாக இருந்து படமானது. ‘அபூர்வ ராகங்கள்’ 1984இல் இந்தியில் ‘ஏக் நயீ பஹேலி’யாக மீண்டும் அவர் கைக்கே வந்தது. ‘அவர்கள்’ தெலுங்கில் ‘இதி கத காது’ ஆனது. ‘சிந்து பைரவி’ ‘சஹானா’வாக நீண்டது.

நாடகக்காரரின் இயல்பு இது. மேடையில் எந்த நாடகமும் ஒரே நாளில் முடிந்துவிடுவதில்லை. அடுத்த வாரம் இன்னொரு சபாவில் நடக்கும். பார்வையாளர் எங்கே சிரித்தார்கள், எங்கே அசைந்து உட்கார்ந்தார்கள் என்று பார்த்து வசனம் மாறும், முடிவுகூட மாறும். அவர் சினிமாவுக்குக் கொண்டுவந்த பெரிய மேடைப் பழக்கம் வசனம் என்பதைவிட, எதையும் இறுதி வடிவமாகக் கருதாத இந்தப் பழக்கம்தான் என்று சொல்லலாம். அப்படிப் பார்த்தால் மேடை, திரை, சின்னத்திரை மூன்றும் ஒரே பட்டறையின் மூன்று அறைகளாகின்றன. பன்முகம் என்பது பல துறைகளில் கால்வைத்ததைக் குறிக்காமல், ஒரு கதையை அதற்கு ஏற்ற வடிவம் கிடைக்கும்வரை விடாமல் மாற்றிப் பார்த்ததைக் குறிக்கும்.

இந்த வாசிப்பு அவருடைய குறைகளை அழித்துவிடாது. திரும்பத் திரும்ப எழுதியதால் சில பழக்கங்கள் இறுகியும் போயின. விளக்கி விளக்கிச் சொல்லும் குறியீடு, பேச்சுத் திறமையை ஆளுமையாகக் காட்டுவது, குழந்தையை ஒப்படைக்கும் பெண் என்று பல இடங்களில் அது தெரிகிறது. ஆனால் எந்தக் குறை எந்தப் பழக்கத்திலிருந்து வந்தது என்பதைக் கண்டுகொள்ள இந்த வாசிப்பு உதவும்.

## முடிவாகாதவை

மூன்று கேள்விகள் இன்னும் திறந்தே இருக்கின்றன. முதலாவது, சான்று பற்றியது. சபா நாடகங்கள் பெரும்பாலும் நினைவிலும் பிரதியிலும் மட்டுமே வாழ்கின்றன. பழைய தொடர்களை ஒழுங்காகத் தொடக்கம் முதல் கடைசி வரை பார்ப்பது ஆய்வாளருக்கு எளிதன்று. திரைப்படத்துக்கு மட்டும் சான்று மிகுந்து இருப்பதால் அவரைத் திரைப்பட இயக்குநராகவே மதிப்பிடும் சாய்வு நீடிக்கிறது. நாடகப் பிரதிகளும் தொடர்களும் ஓர் ஆவணக் காப்பகத்தில் சேர்க்கப்படும்வரை இந்தச் சாய்வு நிமிராது. அதைச் செய்வது இப்போதே அவசரம், ஒளிநாடாக்கள் காத்திருப்பதில்லை.

இரண்டாவது, கூட்டுழைப்பு பற்றியது. அனந்து, இசையமைப்பாளர்கள் வி. குமார், எம்.எஸ். விசுவநாதன், ஒளிப்பதிவாளர் பி.எஸ். லோகநாத், படத்தொகுப்பாளர் என்.ஆர். கிட்டு போன்றவர்களின் பங்கைத் தனித்து ஆராய்ந்தால் ‘பாலசந்தர் பாணி’ என்று நாம் சொல்வதில் எவ்வளவு ஒரு குழுவின் பாணி என்பது தெளிவாகும். அவர் பெயரில் வந்த தொடர்களில் எந்தப் பகுதிகளை யார் இயக்கினார்கள் என்பதும் இதில் அடங்கும்.

மூன்றாவது, பார்வையாளர் பற்றியது. கவிதாவையும் அனுவையும் பார்த்த பெண்கள் தங்கள் வாழ்க்கையில் அதை எப்படி எடுத்துக்கொண்டார்கள் என்பதை அவர்களிடமே கேட்டறிந்து எழுதும் வேலை பெரிய அளவில் நடந்தால், மீறலா தியாகமா என்ற விவாதம் ஊகத்திலிருந்து விடுபடும்.

இவற்றுக்கு விடை வரும்வரை இறுதித் தீர்ப்பு எதையும் சொல்லுவது பொறுப்பாகாது. ஆனால் இதுவரை கிடைத்துள்ளவற்றை வைத்து ஒன்றைச் சொல்லலாம். பாலசந்தரைச் சிறந்த சினிமாக்காரர் என்று காட்ட அவருடைய நாடகத்தை மறைக்க வேண்டியதில்லை. நாடகக்காரர் என்று சொல்லி அவருடைய சினிமாவைக் குறைக்கவும் வேண்டியதில்லை. அவரை மதிப்பிடத் தகுந்த அலகு தனிப் படம் அன்று, ஒரு கதை மூன்று ஊடகங்களிலும் நான்கு மொழிகளிலும் எடுத்த முழுப் பயணம். அந்த அளவுகோலோடு யாராவது அவருடைய படைப்புகளை முதலிலிருந்து பார்க்கத் தொடங்கினால், பாராட்டும் கண்டனமும் இப்போது இருப்பதைவிடத் துல்லியமாகும்.